பதவி உயர்வு கைநழுவினால் எங்கே போவது? வடசென்னை அரசு, பொதுத்துறை ஊழியர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

ஐசிஎஃப், பெரம்பூர் ரயில்வே பணிமனைகள், துறைமுகம், மணலி ஆலைகள், அத்திப்பட்டு அனல்மின் நிலையம், ஸ்டான்லி மருத்துவமனை, மாநகராட்சியின் வடக்கு மண்டலங்கள் என்று இந்தப் பக்கம் தெருவுக்கு நாலு பேராவது அரசுச் சம்பளக்காரர்கள்தான். நான் ஒரு பொதுத்துறை நிறுவனத்தில் 33 ஆண்டுகள் இருந்தேன், பாதிக் காலம் சங்க வேலையும் பார்த்தேன். வக்கீல் அல்ல. ஆனால் ஞாயிற்றுக்கிழமை காலையில் ஃபைலைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தவர்கள் கேட்ட கேள்விகள் எனக்கு மனப்பாடம். அவற்றில் முக்கியமானவை இங்கே.

பதவி உயர்வு என் உரிமைதானே சார்?

இல்லை. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உங்கள் உரிமை. அது அரசியலமைப்பின் 16ஆவது பிரிவிலிருந்து வரும் அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1999இல் அஜித் சிங் வழக்கில் சொன்னது. 2021இல் அஜய் குமார் சுக்லா வழக்கில் திரும்பவும் சொன்னது.

கேட்க வார்த்தை விளையாட்டு போல இருக்கும். ஆனால் வழக்கே இதில்தான் நிற்கிறது. "இவருக்குப் பதவி உயர்வு கொடு" என்று நீதிமன்றம் நேரடியாக உத்தரவிடுவது அபூர்வம். "இவர் பெயரை விதிப்படி மறுபடியும் பார்" என்றுதான் பெரும்பாலும் சொல்லும். அதனால் நீங்கள் காட்ட வேண்டியது இரண்டில் ஒன்று: பரிசீலனைக்குரிய இடத்தில் இருந்தும் உங்கள் பெயர் பார்க்கப்படவே இல்லை, அல்லது பார்த்த விதத்தில் விதி மீறப்பட்டது. "எனக்குப் பதிலா வந்தவனுக்கு ஸ்பேனர் பிடிக்கவே தெரியாது" என்பது உண்மையாகவே இருக்கலாம், ஆனால் அது மனுவில் எழுதும் விஷயம் இல்லை.

எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

சம்பளம் யார் கொடுக்கிறார் என்று பாருங்கள்.

ரயில்வே, ஐசிஎஃப், தபால், சுங்கம் போன்ற மத்திய அரசு ஊழியர் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். பேச்சு வழக்கில் 'கேட்'. (ஒருவர் நிஜமாகவே தொழிற்சாலை கேட்டில் போய் நின்றிருக்கிறார்.) 1985ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்தது. அங்கே தோற்றால் உயர் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள் அமர்வுக்குப் போகலாம். 1997இல் சந்திரகுமார் வழக்கில் வந்த தீர்ப்பின்படி இந்த ஏற்பாடு. தீர்ப்பாயத்தைத் தாண்டி நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓட முடியாது.

மாநகராட்சி, மின்வாரியம், குடிநீர் வாரியம், ஸ்டான்லி, மாநில அரசுத் துறைகள் எல்லாவற்றுக்கும் உயர் நீதிமன்றத்தில் 226ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு. மாநில ஊழியர்களுக்கும் ஒரு காலத்தில் தனித் தீர்ப்பாயம் இருந்தது, அதைக் கலைத்துவிட்டார்கள். பழைய ஆட்கள் இன்னும் "டிரிப்யூனல்ல போடு" என்பார்கள். நம்பிப் போய் அலையாதீர்கள்.

மத்திய பொதுத்துறை நிறுவனங்கள்தான் குழப்பம். எந்த நிறுவனத்தை மத்திய அரசு அறிவிக்கை போட்டுத் தீர்ப்பாயத்தின்கீழ் கொண்டுவந்திருக்கிறதோ அது மட்டும் தீர்ப்பாயத்துக்குப் போகும். மற்றவை உயர் நீதிமன்றம்தான். உங்கள் நிறுவனம் எந்தப் பக்கம் என்று முதல் நாளே வக்கீலிடம் கேளுங்கள். தப்பான இடத்தில் போட்டு இரண்டு வருஷம் கழித்து "இங்கே வராது" என்று திருப்பி அனுப்பப்பட்ட ஃபைலை நான் பார்த்திருக்கிறேன்.

எத்தனை நாளுக்குள் போக வேண்டும்?

எல்லோரும் கடைசியில் கேட்கும் கேள்வி இது. முதலில் கேட்டிருக்க வேண்டியது.

தீர்ப்பாயத்துக்கு: இறுதி உத்தரவு கையில் வந்த நாளிலிருந்து ஒரு வருடம். நீங்கள் விதிப்படி போட்ட முறையீட்டுக்குப் பதிலே வரவில்லை என்றால் ஆறு மாதம் காத்திருந்துவிட்டு, அதிலிருந்து ஒரு வருடம்.

ரிட் மனுவுக்குச் சட்டத்தில் கெடு கிடையாது. அதை நம்பித்தான் நிறையப் பேர் கெட்டுப் போகிறார்கள். 1974இல் நம்ம ஊர் வழக்கு ஒன்று, பி.எஸ். சதாசிவசுவாமி எதிர் தமிழ்நாடு அரசு. 1957இல் தன்னைத் தாண்டி ஜூனியர்களுக்கு உயர்வு கொடுத்ததை 14 வருடம் கழித்து எதிர்த்துப் போனார். உச்ச நீதிமன்றம் திருப்பி அனுப்பியது. ஜூனியர் உங்களைத் தாண்டிப் போனால் ஆறு மாதத்துக்குள், அதிகம் போனால் ஒரு வருடத்துக்குள் வர வேண்டும் என்று அந்தத் தீர்ப்பில் இருக்கிறது. இன்றைக்கும் அரசு வக்கீல் எழுந்ததும் முதலில் படிப்பது அதைத்தான்.

"ஆனா நான் வருஷா வருஷம் மனு கொடுத்துக்கிட்டேதான் இருந்தேன் அண்ணே" என்பார்கள். பிரயோஜனமில்லை. காலாவதியான கோரிக்கைக்குப் புதிதாக மனு கொடுத்தால் அதற்கு உயிர் வந்துவிடாது என்று 2008இல் சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதுவும் தமிழ்நாட்டு வழக்குதான், கனிம வளத் துறை சம்பந்தப்பட்டது.

இதோடு ஒட்டிய இன்னொரு பொறி. "என் மனுவைப் பரிசீலித்து உத்தரவிடச் சொல்லுங்கள்" என்று மட்டும் கேட்டு ஒரு ரிட் போடுவார்கள். சுலபமாக உத்தரவு கிடைக்கும். வீட்டில் ஸ்வீட் வாங்கிக் கொடுப்பார்கள். சில வாரம் கழித்து அலுவலகத்திலிருந்து "பரிசீலிக்கப்பட்டது, நிராகரிக்கப்பட்டது" என்று ஒன்றரைப் பக்கம் வரும். அதை எதிர்த்து இன்னொரு வழக்கு. அதற்குள் பேனல் (பதவி உயர்வுக்குத் தகுதியானவர்களின் பட்டியல்) முடிந்து, ஜூனியர் சேம்பரில் உட்கார்ந்திருப்பார்.

சீனியாரிட்டி லிஸ்டில் என்ன பார்க்க வேண்டும்?

முதலில், லிஸ்ட் ஒட்டியிருக்கிறார்களா என்று பார்க்க வேண்டும். தற்காலிகப் பட்டியல் என்று ஒன்று வரும். ஆட்சேபணை இருந்தால் இத்தனை நாளுக்குள் எழுதிக் கொடு என்று அதிலேயே போட்டிருக்கும். அந்த நாள் தாண்டினால் அதுவே இறுதிப் பட்டியலாகிவிடும், பேனல் அதன்மேல் எழும்பும். நாலு வருடம் பேசாமல் இருந்துவிட்டு "அடித்தளமே தப்பு" என்று சொன்னால், இத்தனை நாள் குடியிருந்தவர்களை என்ன செய்வது என்று கோர்ட் கேட்கும்.

மணலிப் பக்கம் ஷிப்டில் இருந்த ஒரு தம்பியின் கதை. லிஸ்டை கேன்டீன் பக்கத்து நோட்டீஸ் போர்டில் ஒட்டியிருந்தார்கள். அவருக்கு அந்த இரண்டு வாரமும் நைட் ஷிப்ட். காலை ஆறு மணிக்கு வெளியே வந்து பஸ் பிடிப்பவர் கேன்டீன் பக்கம் எதற்குப் போகப்போகிறார்? கெடு முடிந்த பிறகு யாரோ வாட்ஸ்அப்பில் போட்டோ அனுப்பினார்கள். அந்த போட்டோவில் அவர் பெயருக்கு நேரே பணியில் சேர்ந்த வருடம் ஒன்று தள்ளிப் போட்டிருந்தது. ஒரே ஒரு எண். அதைச் சரிசெய்ய மூன்று வருடம் ஆனது.

பட்டியலில் பெயர், சேர்ந்த தேதி, தேர்வில் வாங்கிய தரவரிசை, தகுதிகாண் பருவம் முடித்த தேதி, கல்வித் தகுதி எல்லாவற்றையும் சர்வீஸ் ரிஜிஸ்டரோடு ஒப்பிடுங்கள். நேரடி நியமனத்தில் பொதுவாகத் தேர்வாணையம் கொடுத்த தரவரிசைதான் மூப்பைத் தீர்மானிக்கும். இடஒதுக்கீட்டுச் சுழற்சிப் புள்ளி (எந்த வரிசை எண் எந்தப் பிரிவினருக்கு என்ற கணக்கு) யாரை எந்த இடத்துக்கு எடுப்பது என்பதற்குத்தான், மூப்புக்கு அல்ல என்று 2003இல் பிம்லேஷ் தன்வார் வழக்கில் தீர்ப்பு வந்தது. தமிழ்நாட்டில் பல துறைகளில் மூப்புச் சண்டை இதைச் சுற்றித்தான்.

விதிப்படி இல்லாமல் தற்காலிகமாக உட்கார்ந்திருந்த காலத்தை மூப்பில் சேர்க்க மாட்டார்கள். 1990இல் மகாராஷ்டிர நேரடி நியமனப் பொறியாளர்கள் வழக்கில் அரசியல் சாசன அமர்வு சொன்ன விஷயம் அது.

சொந்த விருப்பத்தில் மாற்றல் வாங்கினால் மூப்பு போய்விடுமா?

பெரும்பாலும் போகும். ரயில்வேயில் வேறு பிரிவுக்குச் சொந்த வேண்டுகோளில் போனால் அங்கே கடைசி ஆளுக்குக் கீழே உட்கார வேண்டும். நிர்வாகமே மாற்றினால் அப்படி இல்லை.

எனக்கு நடந்ததே இதுதான். அம்மாவுக்கு உடம்பு முடியவில்லை, திருவொற்றியூர் வீட்டுக்குக் கிட்டே இருக்கட்டும் என்று மாற்றல் கேட்டேன். அந்த யூனிட்டில் ஆள் பற்றாக்குறை, அவர்களே எங்கள் பக்கம் ஆள் கேட்டுக் கடிதம் எழுதியிருந்தார்கள். ஆனால் உத்தரவை டைப் அடித்தவர் என் விண்ணப்பத்தைப் பார்த்து "சொந்த வேண்டுகோளின்படி" என்று ஒரு வரி சேர்த்துவிட்டார். நான் உத்தரவை வாங்கிய வேகத்தில் படிக்கவில்லை, ரிலீவ் ஆகிற அவசரம். அடுத்த பட்டியலில் 41 பேருக்குக் கீழே போய்விட்டேன். அந்த ஒரு வரியை எடுக்க முடியவே இல்லை. மாற்றல் உத்தரவில் ஊர்ப் பெயரை மட்டும் பார்க்காமல் காரணத்தையும் படியுங்கள்.

துறைத் தேர்வு எழுதாததால் ஜூனியருக்குக் கொடுத்துவிட்டார்கள். கேட்கலாமா?

பேனலுக்கென்று ஒரு தகுதி நாள் உண்டு. அன்றைக்குத் தேர்ச்சி பெற்றிருக்க வேண்டும். அதற்கு மறுநாள் ரிசல்ட் வந்தாலும் அந்த வருடப் பேனலுக்கு ஆகாது. தேர்வாணையம் துறைத் தேர்வை வருடத்துக்கு இரண்டு முறை நடத்துகிறது. வேலையில் சேர்ந்த முதல் மூன்று வருடத்திலேயே முடித்துவிடுங்கள். பிள்ளை பிறந்த பிறகு புத்தகத்தைத் தொட முடியாது.

ஆசிரியர்களுக்கு இப்போது தகுதித் தேர்வும் சேர்ந்திருக்கிறது. 2025 செப்டம்பர் 1 அன்று வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பில், பதவி உயர்வு வேண்டும் என்றால் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி வேண்டும் என்று சொன்னார்கள். ஓய்வு பெற ஐந்து வருடத்துக்குள் இருப்பவர்கள் தேர்ச்சி இல்லாமல் வேலையில் தொடரலாம், ஆனால் உயர்வு கிடையாது. 25 வருடம் பாடம் நடத்திய மாநகராட்சிப் பள்ளி டீச்சர் ஒருவர், "எங்கிட்ட படிச்ச பொண்ணு பாஸ் பண்ணிட்டா சார், நான் இனிமே உக்காந்து படிக்கணுமாம்" என்றார். அவருக்கு நான் சொல்ல ஒன்றும் இல்லை. தீர்ப்பு தீர்ப்புதான்.

ஏபிஏஆரில் (வருடாந்திரப் பணி மதிப்பீட்டு அறிக்கையில்) மார்க் குறைத்துவிட்டார்கள், எனக்குத் தெரியவே தெரியாது.

முன்பு ஏசிஆர் என்பார்கள், ரகசியக் குறிப்பு. மோசமாக எழுதினால்தான் சொல்வார்கள். 2008இல் தேவ் தத் வழக்கு அதை மாற்றியது. அவருக்கு ஒரு வருடம் 'நல்லது' என்று போட்டிருந்தார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் உயர்வுக்கு 'மிக நல்லது' வேண்டும். சொல்லியிருந்தால் அப்போதே ஆட்சேபித்திருப்பாரே! ஆக, எந்தப் பதிவாக இருந்தாலும் ஊழியருக்குத் தெரிவித்தாக வேண்டும் என்று தீர்ப்பு. 2013இல் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அதை உறுதி செய்தார்கள்.

மத்திய அரசில் அறிக்கை கையில் வந்த 15 நாளுக்குள் ஆட்சேபணை எழுத வேண்டும். "நான் சிறப்பாகப் பணியாற்றினேன்" என்று எழுதாமல், அந்த வருடம் என்ன வேலை முடித்தீர்கள், எத்தனை முடித்தீர்கள் என்று எண்ணோடு எழுதுங்கள். உங்கள் அறிக்கையைத் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி வாங்கலாம். அடுத்தவருடையதைக் கேட்டால் தனிப்பட்ட தகவல் என்று மறுத்துவிடுவார்கள்.

சார்ஜ் மெமோ இருந்தால் உயர்வு கிடையாதா?

மெமோ எப்போது கையில் வந்தது என்பதுதான் கேள்வி. 1991இல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் கோடு போட்டுக் கொடுத்தது: குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்த பிறகு, அல்லது கிரிமினல் வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகுதான் முடிவை உறையில் போட்டு மூடி வைக்கலாம். 'விஜிலென்ஸ் விசாரிக்கிறது', 'புகார் வந்திருக்கிறது' என்பதெல்லாம் போதாது.

மத்திய அரசில் இதற்குப் பெயரே சீல்டு கவர். பதவி உயர்வுக் கமிட்டி உங்களையும் பார்த்து முடிவை எழுதி அரக்கு வைத்து மூடிவிடும். முழுக்க விடுதலையானால் உறையைப் பிரித்து, ஜூனியருக்குக் கொடுத்த தேதியிலிருந்து உயர்வு தர வேண்டும். மாநில அரசில் ஒழுங்கு நடவடிக்கை விதியின் 17(பி), அதாவது பெரிய தண்டனைக்கான குற்றச்சாட்டு, நிலுவையில் இருந்தால் பேனலில் பெயர் சேராமல் தள்ளிப்போகும். 17(ஏ) அதைவிடச் சின்ன சமாச்சாரம்.

பேனல் வரும் நேரம் பார்த்து மெமோ வருவது ஊரறிந்த கலை. எட்டு வருடத்துக்கு முந்தைய சம்பவத்துக்குத் திடீரென்று 17(பி) வந்தால், தாமதத்தையே காரணம் காட்டி மெமோவை எதிர்க்கலாம். ஆனால் பதில் எழுதாமல் வாய்தா வாங்கி விசாரணையை நீங்களே இழுத்திருந்தால் அந்த வாதம் செல்லாது.

டிரேட் டெஸ்டில் (தொழில் திறன் தேர்வில்) ஃபெயில் போட்டுவிட்டார்கள்.

கடினம். டெஸ்டுக்குப் போய் உட்கார்ந்துவிட்டு, தோற்ற பிறகு "முறையே தப்பு" என்று சொல்ல முடியாது. 1995 மதன் லால் வழக்கு. முறையில் கோளாறு இருந்தால் டெஸ்டுக்கு முன்பே எழுதிக் கொடுங்கள். மார்க் கூட்டியதில் பிழை என்றால் மட்டும் பிறகு கேட்கலாம்.

பதவி உயர்வில் இடஒதுக்கீடு உண்டா?

மத்திய அரசிலும் ரயில்வேயிலும் பட்டியல் சாதியினருக்கு 15 சதவீதம், பழங்குடியினருக்கு 7.5 சதவீதம். 1992இல் இந்திரா சாஹ்னி தீர்ப்பு பதவி உயர்வில் கூடாது என்றது. 1995இல் 77ஆவது திருத்தம் 16(4அ) பிரிவைக் கொண்டுவந்தது. 2001இல் 85ஆவது திருத்தம் அதோடு சேர்ந்து வரும் மூப்பையும் காப்பாற்றியது. பிறகு 2006இல் நாகராஜ், 2018இல் ஜர்னைல் சிங் என்று போய்க்கொண்டே இருக்கிறது. போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கு அரசு கணக்கு காட்ட வேண்டும் என்பது இப்போதுள்ள நிலை.

மாற்றுத் திறனாளிகளுக்கும் பதவி உயர்வில் இடம் உண்டு என்று 2020இல் சித்தராஜு, 2021இல் லீசம்மா ஜோசப் வழக்குகளில் தீர்ப்பு வந்தது. இதை நிறைய அலுவலகங்களில் நாம்தான் எடுத்துச் சொல்ல வேண்டியிருக்கிறது.

ஜூனியரையும் வழக்கில் சேர்க்கணுமா? பக்கத்து சீட்டு ஆள், மனசு வரலை.

சேர்த்தே ஆக வேண்டும். உங்கள் வெற்றியால் யார் இடம் போகுமோ அவர் எதிர்மனுதாரராக இருக்க வேண்டும், அவர் பேச்சைக் கேட்காமல் கோர்ட் அவர் இடத்தை எடுக்காது. சேர்க்காத ஒரே காரணத்துக்காக மனு தள்ளுபடியாகியிருக்கிறது. நோட்டீஸ் போவதற்கு முன் நீங்களே போய், "தப்பா நினைச்சுக்காதீங்க சார், உங்க மேல கோபம் இல்லை, ஆபீஸ் மேலதான் கேஸு" என்று ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். தபால்காரர் கையிலிருந்து முதலில் தெரிந்தால்தான் பகை.

மேல் பதவிக்குப் பொறுப்பு பார்த்தேன், அந்த இடத்தையே கேட்கலாமா?

இடத்தைக் கேட்க முடியாது. பார்த்த காலத்துக்கு அந்தச் சம்பளத்தைக் கேட்கலாம், விதியும் உத்தரவின் வாசகமும் இடம் கொடுத்தால். உத்தரவு எழுத்தில் இல்லாமல் பொறுப்பு ஏற்காதீர்கள்.

ரிடையர் ஆன பிறகு ஜெயித்தால் பணம் வருமா?

அநியாயமாகத் தவற விட்டிருந்தால், ஜூனியர் போன தேதியிலிருந்து கணக்குக்கு உயர்வு கொடுத்து, அதை வைத்து ஓய்வூதியத்தைத் திருத்துவார்கள். நோஷனல் என்பார்கள். அரியர்ஸ் ஒவ்வொரு வழக்கிலும் வேறுபடும். ஆனால் ஃபைல் மேசை மேசையாக நகர்ந்து, உத்தரவு வருவதற்குள் நீங்கள் ஓய்வு பெற்றுவிட்டால் பின்தேதியிட்ட உயர்வு கிடையாது என்று 2024இல் அமல் சத்பதி வழக்கில் தீர்ப்பு. ஓய்வுக்கு இரண்டு வருடம் இருக்கும்போதே துரத்துங்கள்.

யூனியன் வழியாகப் போகலாமா?

தொழிலாளர் என்ற வரையறைக்குள் வந்தால் போகலாம். தொழில் தகராறுச் சட்டக் காலத்திலிருந்தே தனி ஆளாக எழுப்ப முடிவது வேலைநீக்கம் போன்றவற்றை மட்டும்தான். பதவி உயர்வுப் பிரச்சினையைச் சங்கம் எடுக்க வேண்டும். சங்க வேலை செய்ததற்காக மூப்பை மாற்றினாலோ உயர்வை மறுத்தாலோ அது நியாயமற்ற தொழில் நடவடிக்கை என்று அந்த 1947ஆம் ஆண்டுச் சட்டத்தின் அட்டவணையிலேயே இருந்தது. ஒரு எச்சரிக்கை: ஜூனியரும் அதே சங்கத்தில் சந்தா கட்டுபவராக இருப்பார். சங்கம் நழுவும். நானே நழுவியிருக்கிறேன்.

செலவு?

தீர்ப்பாயத்தில் மனுக் கட்டணம் 50 ரூபாய்தான். வக்கீல் ஃபீஸ்தான் செலவு, முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள். பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள், தொழிலாளர்கள் ஆகியோர் இலவசச் சட்ட உதவி கேட்கலாம். 15100க்கு போன் செய்தால் வழி சொல்வார்கள்.

ஜெயித்தும் ஆபீஸில் உத்தரவு போடவில்லையே?

கெடு முடிந்ததும் தீர்ப்பு நகலோடு ஒரு கடிதம் கொடுங்கள், ஒப்புகை வாங்குங்கள். அப்புறம் அவமதிப்பு மனு. அதற்கும் ஒரு வருடக் கெடு உண்டு. "பெரிய ஆபீசரைப் பகைச்சுக்கலாமா" என்று யோசித்துக்கொண்டே அந்த வருடத்தை விட்டவர்கள் உண்டு.

வக்கீலைப் பார்க்க எதை எடுத்துப் போக வேண்டும்?

நியமன உத்தரவு, தகுதிகாண் பருவம் முடித்த உத்தரவு, தற்காலிக மற்றும் இறுதி மூப்புப் பட்டியல்கள், உங்கள் ஆட்சேபணையும் அதன் ஒப்புகையும், ஜூனியரின் உயர்வு உத்தரவு, உங்கள் பணி விதிகள். தேதி வாரியாக ஒரே தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அந்தத் தாளைத்தான் வக்கீல் முதலில் கேட்பார். பாரிமுனையில் தம்பு செட்டித் தெருப் பக்கம் இறங்கியதும் ஜெராக்ஸ் போட்டு, நகலை மட்டும் கொடுத்துவிட்டு அசலை வீட்டுக்கே கொண்டுவாருங்கள். ஒரு அசல் ஆட்சேபணைக் கடிதத்தைத் தேடி நானும் ஒருவரும் ஒரு முழு மழைநாள் மதியம் அந்தத் தெருவில் மூன்று அலுவலக மாடிப்படி ஏறி இறங்கினோம். மூன்றாவது இடத்தில், வேறொருவர் கட்டுக்குள் இருந்தது.